தாவரத் தூதருக்குக் கட்டிய காப்பு

ராஜாராம் கடைசியாகக் கத்தரிக்காயை விரும்பிச் சாப்பிட்டது, அதற்குப் பக்கத்தில் நெத்திலிக் கருவாடு கிடந்ததால்தான். இதை அவர் மனைவி ஜோதிலட்சுமி கற்பூரம் அணைத்துச் சொல்லத் தயாராக இருந்தாள். யாரும் கேட்கவில்லை. ஊரப்பாக்கத்திலிருந்து மாமல்லபுரம் வரைக்கும் சாலையோரம் நின்ற பேனர்களில், ராஜாராம் முருங்கைக்கீரைக் கட்டு ஒன்றைக் கைக்குழந்தை மாதிரி அணைத்துக்கொண்டு சிரித்தார். கீழே கொட்டை எழுத்தில், ‘தாவர உணவுத் தூதர். சர்க்கரையை வென்ற சாதனையாளர்.’

இந்தப் பதவி அவருக்கு ஒரு வயிற்றுப்போக்கினால் கிடைத்தது.

ஊரப்பாக்கத்தில் மனை விற்பது அவர் தொழில். மாமல்லபுரத்துக்குப் பக்கத்தில், கடலைப் பார்த்தாற்போல் ஓர் இடத்தை இனியன் என்பவருக்கு முடித்துக் கொடுத்தார். இனியன் அமெரிக்காவில் கணினி வேலை பார்த்துத் திரும்பியவர். கறி, மீன், முட்டை, பால் நான்கையும் விட்டவனிடம் சர்க்கரை, ரத்தக்கொதிப்பு, மாரடைப்பு எதுவும் நெருங்காது என்று எங்கோ படித்திருந்தார். அதையே கடற்காற்று வாங்கிக்கொண்டு கேட்டால் பலன் அதிகம் என்பது அவராகக் கண்டுபிடித்தது. ‘பச்சையம்’ என்று பெயர் வைத்து ஒரு வாழ்வியல் மையம் தொடங்கினார். பத்திரப் பதிவன்று ராஜாராம், முந்தின வாரம் கெட்டுப்போன இறால் தொக்கு செய்த வேலையால், கன்னம் ஒட்டி இளைத்துப்போய் நின்றார்.

“என்ன சார், ஆளே பாதியாகிட்டீங்க? என்ன ரகசியம்?” என்றார் இனியன்.

இறால் என்று சொல்ல அந்த இடம் தோதாக இல்லை. “எல்லாம் கீரைதான் சார்” என்றார் ராஜாராம்.

அவ்வளவுதான். மண்ணின் மைந்தர் ஒருவரைத் தேடிக்கொண்டிருந்த பச்சையம் அவரைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டது. பச்சை இலை ஒட்டிய கார் வந்தது. மேடை வந்தது, சால்வை வந்தது. முப்பது வருடம் மனை விற்றும் கிடைக்காத ‘ஐயா’ என்ற விளிப்பு, கீரை என்ற ஒரு சொல்லுக்குக் கிடைத்தது. ராஜாராமும் பதவிக்கு மரியாதை செய்தார். மேடையில் பச்சையத்தின் ‘தாவரப் பெட்டி’யைத் திறந்து சாப்பிட்டுக் காட்டுவார். பலாக்காயில் செய்த மட்டன் வறுவல், சோயாவில் செய்த சிக்கன் பிரியாணி, முந்திரியில் செய்த பாலாடைக்கட்டி, பேரீச்சை லட்டு, தேங்காய்ப்பாலும் வெல்லமும் போட்ட ஐஸ்கிரீம். எல்லாம் தாவரம், தப்பே சொல்ல முடியாது. வீட்டுக்கு வந்ததும் நிஜ மட்டனையும் சாப்பிடுவார். பலாக்காய் மட்டனால் மூண்ட பசியை வேறு எதுவும் அடக்கவில்லை என்றார்.

“மேடைல ஒண்ணு, வூட்ல ஒண்ணு. ஒரு வயிறுதான கீது, அது இன்னாத்த கண்டுது?” என்பாள் ஜோதிலட்சுமி.

உள்ளுக்குள் ராஜாராமுக்கு ஒரு பயம் இருந்தது. அவர் அப்பாவுக்குச் சர்க்கரை இருந்தது. கட்டைவிரலில் சின்னதாக ஒரு புண் வந்தது, பிறகு முழங்கால் வரைக்கும் எடுத்தார்கள். ராஜாராமுக்கும் சர்க்கரை இருப்பதாகச் சொல்லி டாக்டர் மாத்திரை எழுதிக் கொடுத்து வருடங்கள் ஆகின்றன. மாத்திரையை ஞாபகம் வந்தால் போடுவார். ரத்தப் பரிசோதனைக்கு மட்டும் போகவே மாட்டார். தெரியாத எண் நம்மை ஒன்றும் செய்யாது என்பது அவர் சித்தாந்தம்.

அந்தச் சித்தாந்தத்தில் கல் எறிந்தவள் ஸ்வாதி. பச்சையத்தின் விளம்பரத்தைப் பார்த்துக்கொள்ளும் சென்னைப் பெண்.

“சார், ஆடி கடைசி மண்டே நம்ம கிராண்ட் லாஞ்ச். ஃபாரின் கெஸ்ட் எல்லாம் வராங்க. ஸ்டேஜ்ல வெறும் வயித்துல உங்க விரல்ல ஒரு துளி எடுத்து லைவா சுகர் டெஸ்ட் பண்றோம். பெரிய ஸ்கிரீன்ல நம்பர் வரும். எப்படி?”

சுற்றிலும் ஆள் இருந்தார்கள். கழுத்தில் சால்வை வேறு கிடந்தது. “தாராளமா” என்றார் ராஜாராம்.

அன்று ராத்திரியே மனதுக்குள் திட்டம் போட்டுவிட்டார். முதல் நாள் பட்டினி, மாத்திரை இரண்டு மடங்கு. அதற்கு முன்னால் ஒரு விளம்பரப் படம் எடுக்க வேண்டியிருந்தது. ‘வேர்களைத் தேடி’ என்று ஸ்வாதி தலைப்பு வைத்தாள். வேர் இருந்த இடம் புளியந்தாங்கல். கடப்பாக்கம் போகிற வழியில், உள்ளே தள்ளி இருக்கும் ராஜாராமின் சொந்த ஊர்.

ஆடி முதல் ஞாயிறு. புளியந்தாங்கல் செல்லியம்மன் கோயிலில் அன்றுதான் காப்புக் கட்டு. விரதம் இருப்பவர்கள் மணிக்கட்டில் மஞ்சள் துண்டு முடிந்த கயிறு கட்டிக்கொள்வார்கள். அடுத்த வாரம் அம்மனுக்குக் கூழ் ஊற்றியதும் பூசாரியே அதை அவிழ்ப்பார். ஸ்வாதியின் கண்ணில் கயிறு பட்டது.

“சார், செம விஷுவல்! நாம ஆர்டர் பண்ண பச்சை ரப்பர் பேண்டை விட இது ரொம்ப ஆத்தென்டிக். உங்களுக்கும் கட்டச் சொல்லுங்களேன்.”

ராஜாராம் சட்டையைக் கழற்றி, வேட்டியை மடித்துக் கட்டி, கேமரா இருந்த பக்கமாக வரிசையில் நின்றார். ஜோதிலட்சுமியின் தம்பி எல்லப்பன்தான் அந்த வருடக் கோயில் பொறுப்பு. லோடு வண்டி ஓட்டுகிறவன். அவன் அக்கா புருஷனைத் தனியே இழுத்தான்.

“மாமா, நல்லா யோசிச்சுக்கோ. இது போட்டோவுக்குக் கட்ற கயிறு இல்ல. கட்டிக்கினா கட்டிக்கினதுதான். கூழு ஊத்தற வரிக்கும் ஊரு எல்லைய தாண்டக் கூடாது.”

“எனுக்கே சொல்றியா மச்சான்? நானும் இங்க பொறந்தவன்தான். படம் முடியட்டும், பூசாரிகிட்ட நா பேசிக்கறேன்.”

பதிவான பத்திரத்தையே பேசிக் கலைத்தவர் அவர். கயிறு எம்மாத்திரம்? பூசாரி கட்டினார். உடுக்கை அடித்தது, குலவை கேட்டது. ஸ்வாதி கட்டைவிரலை உயர்த்திக் காட்டினாள்.

படம் முடிந்து காரில் ஏறியதும் ராஜாராம் முதலுதவிப் பெட்டியிலிருந்து சின்னக் கத்தரிக்கோலை எடுத்தார். கயிற்றில் வைத்தார். கை அழுத்தவில்லை. அவருடைய வாய் பச்சையத்தில் வேலை பார்த்ததே தவிர, கை புளியந்தாங்கலில் பிறந்தது.

“வெட்டு, வெட்டு. இன்னா யோசன?” என்றாள் ஜோதிலட்சுமி. “மின்ன ஒருத்தன் இப்டித்தான் வெட்டிக்கினு போனான்.”

“அவனுக்கு இன்னா ஆச்சு?”

“அத்த யாரும் வெளிய சொல்ல மாட்டாங்க.”

ராஜாராம் கத்தரிக்கோலைப் பெட்டியில் வைத்துவிட்டுக் காரிலிருந்து இறங்கினார். ஸ்வாதியும் கேமராவும் பச்சை இலைக் காரில் போய்விட்டார்கள். தம்பதி எல்லப்பன் வீட்டு மாடியில் தங்கினார்கள்.

புளியந்தாங்கலில் காப்புக் கட்டியவனுக்குச் சில முறைகள் உண்டு. கவுச்சி கூடாது. எண்ணெய்ச் சட்டி அடுப்பில் ஏறக் கூடாது. அம்மனுக்குத் தாளிப்பு வாசம் ஆகாது. தனிச் சமையலும் கிடையாது. கோயில் பந்தலில் பொதுப் பானை. காலையில் கேழ்வரகுக் கூழும் சின்ன வெங்காயமும். மத்தியானம் வேகவைத்த மொச்சையோ கொள்ளோ, கூடவே முருங்கைக்கீரை, ஒரு பிடி சாமைச் சோறு. சாயங்காலம் மறுபடி கூழ். இனிப்பு ஆசை வந்தால் அம்மனை நினைத்துக்கொள்ள வேண்டியதுதான். வண்டியில் ஏறக் கூடாது, செருப்புப் போடக் கூடாது. காலையும் மாலையும் ஏரிக்கு நடந்துபோய்க் குடத்தில் தண்ணீர் எடுத்து வந்து கோயில் வேப்பமரத்துக்கு ஊற்ற வேண்டும்.

மறுநாள் பந்தலில் கூட்டம் சேர்ந்திருந்த நேரத்தில், வீடு தேடி வந்து சர்க்கரை பார்க்கும் நர்ஸ் ரெஜினா ஸ்கூட்டியை நிறுத்தினாள். ராஜாராம் மெல்ல நழுவினார். எல்லப்பன் தோளைப் பிடித்தான்.

“தூதரு எங்க போறாரு? மொதல்ல தூதருக்குப் பாரும்மா. எங்க எல்லாருக்கும் ஒரு தெம்பா இருக்கும்.”

ரெஜினா விரலில் குத்தினாள். கருவியைப் பார்த்தாள். சாலையோரப் பேனரில் பார்த்திருந்த முகத்தையும் எதிரில் இருந்த முகத்தையும் ஒருதரம் ஒப்பிட்டாள். பிறகு கருவியை அவரிடம் மட்டும் காட்டினாள். இருநூற்று எண்பத்தாறு. அதுவும் வெறும் வயிற்றில்.

“வென்றவரு இவ்ளோ வச்சுகினு இருந்தா, தோத்தவங்க எவ்ளோ வச்சிருப்பாங்க சார்?” என்றாள் மெதுவாக.

ராஜாராம் தன் இரண்டு மடங்கு மாத்திரைத் திட்டத்தை அவள் காதோடு சொன்னார். ரெஜினாவின் குரலில் மெதுவெல்லாம் பறந்துபோனது.

“மயங்கி ஏரில விழறதுக்கா? டாக்டர் எழுதினத மட்டும், எழுதின வேளைக்கு, தெனம் போடுங்க. கூழு, மொச்ச, கீரன்னு இவங்க குடுக்கறதயே சாப்புடுங்க. அளவா. நடக்கறதும் நல்லதுதான். ஆனா செருப்பு எங்க?”

“ஆத்தா செருப்புக்கு வுடாதும்மா” என்றான் எல்லப்பன்.

“சக்கரக்காரரு கால்ல முள்ளு குத்துனா தெரியாது. அப்பறம் புண்ணு ஆறாது. கால எடுக்கணும்னு ஆத்தா சொல்லுச்சா?”

ராஜாராமின் முகம் வெளுத்தது. அவர் அப்பாவை எல்லோருக்கும் ஞாபகம் இருந்தது. பூசாரி உள்ளே போனார். வெள்ளைப் பூ ஒரு பொட்டலம், சிவப்புப் பூ ஒரு பொட்டலம் கட்டி அம்மன் காலடியில் போட்டு, ஒரு சிறுமியை எடுக்கச் சொன்னார். வெள்ளை வந்தது. செருப்புக்கு உத்தரவு. அந்த ஊர் வரலாற்றில் செல்லியம்மன் ரப்பர் செருப்புக்கு அனுமதி கொடுத்தது அதுதான் முதல் தடவை.

சில நாள் போனதும் ராஜாராமின் நாக்கு கலகம் செய்தது. சாயங்காலம் ஏரித் தண்ணீர் ஊற்றிவிட்டு, முழுக்கைச் சட்டை ஒன்றை மாட்டிக்கொண்டு, கோயில் தெரு முனையில் இருந்த சாலமோன் பரோட்டாக் கடைக்குப் போனார். கல்லில் பரோட்டா புரண்டுகொண்டிருந்தது. அந்தச் சத்தமே அவருக்கு நாதஸ்வரமாகக் கேட்டது.

“சாலமோனு, ரெண்டு பரோட்டா. சால்னா தூக்கலா.”

சாலமோன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “கைய காட்டு அண்ணாத்த.”

“கை எதுக்குடா? வாயிலதான சாப்புடப் போறேன்.”

“சட்டக் கைய ஏத்து.”

ராஜாராம் ஏற்றவில்லை. “டேய், நீ சர்ச்சுக்குப் போறவன். உனுக்கு எதுக்குடா இந்தக் கணக்கு?”

“சர்ச்சு ஞாயித்துக்கெழம. மிச்ச நாளு ஆத்தா தெருவுலதான கடை போட்டுகினு கீறேன். காப்புக் கட்டுனவனுக்குப் பரோட்டா போட்டேன்னு தெரிஞ்சா, நாளைக்கு இங்க எவன் வருவான்?”

ராஜாராம் தூதரானார். “மைதா எங்கேர்ந்து வருது? கோதுமைலேர்ந்து. கோதுமை இன்னா? செடி. இது சுத்தமான தாவர உணவுடா!”

“அத்த உங்க பச்சையத்துல போய்ச் சொல்லு. சால்னால நீந்துதே கோழி, அது எந்தச் செடில காய்க்குது?”

கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். எதிர்க் கடைக்குப் போனார். அங்கே பஜ்ஜி கிடையாது என்றார்கள். டீக்கடையில் சர்க்கரை இல்லாத டீ கொடுத்தார்கள். கேட்டால், நர்ஸம்மா சொல்லிவிட்டுப் போனதாம். ஐந்து வீடு தள்ளி ஒரு கிழவர் மீன் குழம்புக் கிண்ணத்தோடு கதவைச் சாத்திக்கொண்டார். ஊரே அவருக்குக் காவல்காரனாக இருந்தது. காவலர்கள் எல்லாரும் நன்றாகத் தின்றுகொண்டிருந்ததுதான் கொடுமை.

எப்படியும் ஞாயிறு வந்தால் விடுதலை என்று பல்லைக் கடித்தார். விடுதலையைக் கெடுத்ததும் அவர்தான். கூழ் ஊற்றும் நாளுக்கு ஒரு பேனர் சொல்லி வைத்திருந்தார், வெள்ளிக்கிழமை வந்து இறங்கியது. ‘சர்க்கரையை வென்ற சாதனையாளர் தலைமையில் மாபெரும் கூழ்வார்ப்பு.’ ராஜாராம் தென்னை உயரத்தில் நின்றார். செல்லியம்மன் மூலையில் தபால்தலை அளவில் இருந்தாள். கிழக்குத் தெருக்காரர்கள் பார்த்தார்கள். அம்மனுக்குக் கோபம் வந்திருக்குமோ என்னவோ, அவர்களுக்கு வந்தது. தங்கள் தெருப் பெரியவருக்குப் பனை உயரத்தில் ஒரு பேனர் வைத்தார்கள். வாய்ச்சண்டை கம்புச் சண்டையாகி, நல்லவேளை, கம்புகள் மட்டுமே உடைந்தன. அதிகாரிகள் வந்தார்கள். இரண்டு பேனரையும் இறக்கச் சொல்லி, அமைதிக் கூட்டத்துக்கு நாள் குறித்து, கூழ்வார்ப்பை ஆடிக் கடைசி ஞாயிற்றுக்குத் தள்ளினார்கள்.

“அப்ப என் காப்பு?” என்றார் ராஜாராம்.

“அதுவும் கடைசி ஞாயித்துக்குத்தான்” என்றான் எல்லப்பன். “உன் மூஞ்சிய கொஞ்சம் சின்னதா போட்டிருந்தா, இந்நேரம் பிரியாணி துன்னுகினு இருப்ப மாமா.”

“மறுநாளு திங்கக்கெழம மேடைல டெஸ்ட்டுடா! எவ்ளோ பேஜாரு பாரு.”

“காப்பு அவுந்த மறுநாளுதான? போய்ட்டு வா. ஆத்தா டேட் கிளாஷ் இல்லாமத்தான் குடுத்துக்கீறா.”

அதற்குப் பிறகு ராஜாராம் எதிர்த்துப் போராடுவதை விட்டார். விடிந்தால் குடம், ஏரி, வேப்பமரம், கூழ். மாத்திரையை ஜோதிலட்சுமி கையில் வைத்துக்கொண்டே நின்றாள். கொள்ளு அவருக்கு மெல்லப் பழகியது. கூழில் வெங்காயத்தைக் கடித்துக்கொள்வதில் ஒரு ருசி இருப்பதாக ஒருநாள் வாய்தவறிச் சொல்லிவிட்டு, உடனே இருமி மறைத்தார். வேட்டியை இரண்டு சுற்று அதிகம் சுற்ற வேண்டியிருந்தது. மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கவில்லை. இதெல்லாம் துக்கத்தால் வந்த மெலிவு என்றே அவர் நினைத்துக்கொண்டார். ரெஜினா மறுபடி வந்தபோது தேர்க் கொட்டகைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார். இருநூற்று எண்பத்தாறு இப்போது எவ்வளவு ஆகியிருக்கும் என்று தெரிந்துகொள்ள அவருக்கு ஆசையே இல்லை.

ஆடிக் கடைசி ஞாயிறு பேனர் எதுவும் இல்லாமல் கூழ் ஊற்றினார்கள். வழக்கப்படி கூழோடு கருவாட்டுக் குழம்பும் வந்தது. பூசாரி காப்பை அவிழ்த்தார். ராஜாராம் ஒரு நெத்திலியை எடுத்துக் கண்ணை மூடி, மெதுவாக மென்றார். இன்னொன்று எடுக்கப் போன கை பாதியில் நின்றது. விடிந்தால் மேடை.

மாமல்லபுரத்தில் கடலை ஒட்டிப் பந்தல் போட்டிருந்தார்கள். வெள்ளைத் துணி, பச்சைத் தோரணம், பெரிய திரை. ஓரத்தில் தாவரப் பெட்டிகள் கோபுரமாக அடுக்கியிருந்தன. ராஜாராம் ஜோதிலட்சுமியோடு சீக்கிரமே வந்துவிட்டார். மாத்திரைத் திட்டம் போனதால் அவரிடம் வேறொரு திட்டம் இருந்தது. ஒவ்வொரு விருந்தாளியாகப் போய்க் கும்பிட்டு, கவலையோடு சொன்னார்.

“இந்தச் சின்ன மெஷினையெல்லாம் நம்பவே கூடாதுங்க. கடல்காத்துல உப்பு பாருங்க, கன்னாபின்னான்னு காட்டும். இருக்கற சக்கரைக்கு ரெண்டு மடங்கு காட்டும்.”

ஸ்வாதியிடமும் சொன்னார், இனியனிடமும் சொன்னார். அணுமின் நிலையக் குடியிருப்பான அணுபுரத்திலிருந்து வந்திருந்த ஓய்வுபெற்ற பொறியாளர் ஒருவரிடம் சொன்னார். கருவிகளைச் சரிபார்ப்பதே வேலையாக இருந்த அவர் இதைக் கேட்டு மிகவும் யோசனையில் ஆழ்ந்தார்.

மேளம் நின்றது. ஒரு பெண் வந்து ராஜாராமின் விரலில் குத்தினாள். அவர் கண்ணை மூடிக்கொண்டார். கைதட்டல் கேட்டதும் திறந்து திரையைப் பார்த்தார். நூற்றுப் பன்னிரண்டு.

“யாருதும்மா இது?” என்றார் அந்தப் பெண்ணிடம்.

“உங்களோடதுதான் சார்.”

ராஜாராமுக்கு ஒன்றும் புரியவில்லை. தன் விரலை ஒருமுறை பார்த்துக்கொண்டார். முன்வரிசையில் அணுபுரத்துக்காரர் எழுந்தார்.

“ஒரு நிமிடம். மெஷின் சரியில்லை என்று நீங்கள்தானே சொன்னீர்கள்? தப்பாகக் காட்டும் கருவி நல்ல எண்ணைக் காட்டினாலும் அது தப்புதானே?”

பக்கத்தில் இருந்தவரும், அவருக்குப் பக்கத்தில் இருந்தவரும், “ஆமாம், எங்ககிட்டயும் சொன்னார்” என்றார்கள்.

“அது இல்லங்க, அதிகமாத்தான் காட்டும்னு…”

“கருவியைச் சரிபார்க்க ஒரே வழி, வேறொருவரையும் பார்ப்பதுதான்” என்றார் அணுபுரத்துக்காரர்.

இனியன் சிரித்துக்கொண்டே மேடையேறி விரலை நீட்டினார். மூன்று வருடமாகத் தாவரத்தைத் தவிர எதையும் தொடாதவர். முந்தின ராத்திரியும் பெட்டிதான். லட்டும் ஐஸ்கிரீமும் அவருக்குக் கொஞ்சம் கூடுதலாகப் பிடிக்கும். திரையில் எண் வந்தது. முந்நூற்று நான்கு.

இன்னொரு விரலில் குத்தினார்கள். கிட்டத்தட்ட அதே எண்.

“மெஷின் ஃபால்ட்” என்றார் இனியன். நெற்றியில் வேர்த்திருந்தது.

ஸ்வாதி ஓடிவந்து ராஜாராமின் கையில் மைக்கைத் திணித்தாள். “சார், நீங்க முன்னாடியே சொன்னீங்கல்ல? மெஷின் சரியில்லன்னு மைக்ல சொல்லிடுங்க. ப்ளீஸ். ரெண்டு பேரோட நம்பரும் தப்பு, அவ்ளோதான்.”

ராஜாராம் மைக்கைப் பார்த்தார். ஒரு வார்த்தை சொன்னால் போதும். காரும் சால்வையும் ‘ஐயா’வும் அப்படியே இருக்கும். திரையில் இன்னும் ஓரமாக அவருடைய எண் நின்றது. கடல் வாசமே எட்டாத நிலத்தைக் கடலோரம் என்று சொல்லி விற்றவர் அவர். வாழ்க்கையில் முதல் தடவையாக, மிகைப்படுத்தாமல், அவர் பெயரில் ஒரு உண்மை எழுதியிருந்தது. தன் காலைக் குனிந்து பார்த்தார். இரண்டும் இருந்தன.

மேடைத் தமிழ் அவரைவிட்டுப் போயிற்று.

“மெஷினு சரியாத்தான் கீது. நாந்தான் பொய் சொன்னேன். பேனரும் பொய்தான். ஒரு மாசம் மின்ன எனுக்கு இருநூத்தி எம்பத்தாறு.” பந்தலில் சலசலப்பு. “நா எங்க சக்கரைய வென்றேன்? எங்க ஊர்ல காப்புக் கட்டி மாட்டிக்கினேன். கூழு, கொள்ளு, மொச்ச, கீர. ஏரிக்குப் போயி குடம் தூக்குனேன். மாத்திரைய ஒழுங்கா போட்டேன். அதுகூட எம் பொண்டாட்டி பக்கத்துல நின்னதால. எனுக்கு இருந்த ஆசைக்கு மொத நாளே பரோட்டா துன்னுருப்பேன். சாலமோனு போடல. நேத்து ராத்திரி ஒரே ஒரு நெத்திலி துன்னேன், அதயும் சொல்லிட்றேன். ஆனா இந்த நூத்திப் பன்னண்டு என்னுது. இத்த நா வுட்டுக் குடுக்க மாட்டேன்.”

வெளிநாட்டுப் பெண்மணி ஒருவர் ஸ்வாதியின் காதில் எதையோ கேட்டார். ஸ்வாதி தயங்கி மொழிபெயர்த்தாள். “சாலமோன்கிறவர் உங்க டயட்டீஷியனான்னு கேக்கறாங்க.”

“ஆமாம்மா” என்றார் ராஜாராம். “பரோட்டா மாஸ்டரு.” பந்தலே சிரித்துக் கை தட்டியது.

மத்தியானத்துக்குள் பதவி போயிற்று. காரிலிருந்து இலையை உரித்தார்கள். பிறகு காரையும் வாங்கிக்கொண்டார்கள். தம்பதி பஸ் ஏறி ஊரப்பாக்கம் வந்தார்கள். வழியெல்லாம் ஜோதிலட்சுமி சிரித்துக்கொண்டே வந்தாள்.

“இன்னாத்துக்குடி சிரிக்கற? சால்வகூட போச்சு.”

“போனா போவட்டும். வென்றேன்னு சொன்னப்ப நம்பாத சனம், தோத்தேன்னு சொன்னதும் எப்டி கை தட்னாங்க பாத்தியா?”

ரெஜினா கை தட்டவில்லை. எண்ணைக் கேட்டுச் சந்தோஷப்பட்டாள். பிறகு டாக்டரிடம் அனுப்பினாள். டாக்டர் மாத்திரையைக் கொஞ்சம் குறைத்துவிட்டு, “இது போற வியாதி இல்ல, அடங்கி இருக்கற வியாதி. நீங்க அடங்கினா அதுவும் அடங்கும்” என்றார். இதைப் பேனரில் போட முடியாது என்பதில் ராஜாராமுக்கு லேசான வருத்தம்.

மனை வியாபாரம் தொடர்ந்தது. அவருடைய புது விளம்பரத்தில் ‘கடல் தெரியாது’ என்ற வரி இருந்தது. அதைப் பார்த்தே சிலர் வந்தார்கள். ஒவ்வொரு சனிக்கிழமையும் அவர் புளியந்தாங்கல் போய், சாலமோன் கடை பெஞ்சில் உட்கார்ந்து, பரோட்டா கேட்பார். சாலமோன் கொடுக்க மாட்டான். அவரே கெஞ்சிக் கேட்டுச் செய்துகொண்ட ஏற்பாடு அது. பதிலுக்குக் கொள்ளுச் சுண்டல் வரும். திட்டிக்கொண்டே சாப்பிடுவார்.

புரட்டாசி பிறந்த ஒரு சனிக்கிழமை, பெரிய கார் ஒன்று தெருமுனையில் நின்றது. தொப்பியும் கறுப்புக் கண்ணாடியுமாக ஒருவர் இறங்கினார். ஸ்வாதி இல்லாமல், கேமரா இல்லாமல் வந்த இனியனை அடையாளம் காண ராஜாராமுக்குக் கொஞ்ச நேரம் ஆனது.

“சார்… லேப்ல மூணு தடவை பார்த்துட்டேன்” என்றார் இனியன் குனிந்து. “மெஷின் சரிதான். அந்தக் காப்பு… எனக்குக் கட்டுவாங்களா?”

“அது அடுத்த ஆடிக்குத்தான் தம்பி” என்றான் எல்லப்பன், பெஞ்சில் இடம் விட்டபடி. “கத்திரிக்கோலு எடுத்துக்கினு வரக் கூடாது.”

“அதுவரைக்கும்?”

இனியனின் கண் கல்லில் புரளும் பரோட்டாவுக்குப் போயிற்று. அது தாவரம்தானா என்று அவர் மனதுக்குள் கணக்குப் போடுவது முகத்தில் தெரிந்தது. சாலமோன் கரண்டியை வைத்தான்.

“கைய காட்டு அண்ணாத்த.”

இனியன் புரியாமல் கையை நீட்டினார். சாலமோன் பார்சல் கட்டும் ரப்பர் பேண்டு ஒன்றை எடுத்து அவர் மணிக்கட்டில் மாட்டினான். பிறகு கல்லுப் பக்கம் திரும்பி முணுமுணுத்தான்.

“இப்டியே ஒவ்வொருத்தரா வந்துகினு இருந்தா, நா யாருக்குத்தான்யா பரோட்டா போடறது?”

ராஜாராம் தன் சுண்டல் தட்டை இனியன் பக்கம் நகர்த்தினார்.